நூற்றுக்கு ஆறு

“ஆர்ஜிதம்” என்றொரு சொல் நம் நாட்டு வருவாய்த்துறைக் காகிதங்களில் நெடுங்காலம் குடியிருந்து வந்தது. தந்தைவழி வாராமல் தன் தோள்வலியால் ஒருவன் ஈட்டிய சொத்தைச் “சுயார்ஜிதம்” என்பர் வழக்கறிஞர். அதே சொல்லைத் தூக்கிவந்து, ஒருவன் ஈட்டியதை ஆட்சி எடுத்துக்கொள்வதற்கும் “நில ஆர்ஜிதம்” என்று பெயரிட்டனர். வியர்வை சிந்தியவன் ஒருவன். ஈட்டிய பெயர் வேறொருவருக்கு! இன்று “நில எடுப்பு” என்று எழுதுகின்றனர். ஒளிவு மறைவற்ற தமிழ்ச் சொல். எடுப்பதை எடுப்பு என்றே சொல்லிவிடுகிறது.

எடுக்கலாமா கூடாதா என்று வழக்காட வரவில்லை, தோழர்களே! பாதை வேண்டும், பள்ளி வேண்டும், அணை வேண்டும், குடிசைக்கும் இடமின்றி நெருங்கிக் கிடக்கும் மக்களுக்கு மனை வேண்டும். இத்தனைக்கும் நிலம் வேண்டும் என்பதை மறுப்பார் யார்? நாம் கேட்பது வேறு. எடுத்த நிலத்துக்கு விலை வைத்தார்கள். வைத்த விலையைக் கொடுக்க ஐந்தாண்டு, பத்தாண்டு, இருபதாண்டு எடுத்துக்கொண்டார்கள். அந்த இடைக்காலத்தில் நிலமும் ஆட்சியிடம், பணமும் ஆட்சியிடம். உழவனிடம் இருப்பது பழுப்பேறிய ஒரு நோட்டீசு. அந்தக் காலத்துக்கு என்ன விலை? சட்டம் அதற்கு வட்டி என்று பெயர் வைத்தது. எவ்வளவு வட்டி, எதன்மேல் வட்டி, எந்நாள் முதல் வட்டி என்னும் மூன்று கேள்விகளுக்கு விடை காண இந்நாட்டு மன்றங்கள் நூறாண்டுக்கு மேல் எடுத்துக்கொண்டன.

அந்த வரலாற்றைத் தருமபுரி மண்ணில் நின்று பார்ப்பதற்குக் காரணம் உண்டு. 1792-இல் திப்புவிடமிருந்து பாரமகாலைப் பெற்றனர் கும்பினியார். அலெக்சாண்டர் ரீட் என்னும் படைத்தலைவரும், அவருக்குத் துணையாக வந்த தாமஸ் மன்றோவும் அந்தப் பாரமகாலை அளந்தனர். வயல் வயலாக எல்லை குறித்து, உழுபவன் பெயரிலேயே தீர்வை விதித்தனர். பிற்காலத்தில் இரயத்துவாரி என்று பெயர் பெற்ற முறைக்குத் தொட்டில் கட்டிய இடங்களுள் இது முதன்மையானது. நடுவே ஜமீன்தார் இல்லை என்பது அதன் நலம். ஆனால் எந்த வயல் எவனுடையது, எவ்வளவு விளையும், என்ன பெறும் என்பதெல்லாம் ஆட்சியின் ஏட்டில் ஏறிவிட்டது. வரி தண்டுவதற்காக எழுதிய ஏடு, பின்னாளில் நிலம் எடுப்பதற்கும் வழிகாட்டிற்று.

சொத்துரிமை என்றவுடன் நம் தோழர் சிலர் முகம் சுளிப்பர். ஜமீன்தாரின் மீசையும் மிராசுதாரின் தொந்தியும் அவர்கள் கண்முன் தோன்றும். தருமபுரியில் அந்தக் காட்சிக்கு இடமில்லை. இங்கே சொத்து என்பது பெரும்பாலும் இரண்டு ஏக்கர் மேட்டு நிலம். மழை பெய்தால் கேழ்வரகு, சாமை. பாலக்கோட்டுப் பக்கம் தக்காளி. வரப்போரத்தில் புளி, மா. மழை பொய்த்தால் பெங்களூருக்கு மூட்டை கட்ட வேண்டியதுதான். அத்தகையவனுடைய இரண்டு ஏக்கர் பறிபோய், பணமும் வாராமல் நிற்கும் பத்தாண்டு என்பது பெருநிலக்காரனின் பத்தாண்டு அன்று. அந்தப் பத்தாண்டில் பெண்ணின் படிப்பு நின்றுவிடும். மகன் கட்டட வேலைக்குப் போய்விடுவான். கடன் வட்டியோடு வளர்ந்துவிடும்.

இனிச் சட்டத்தைப் பார்ப்போம். இருப்புப் பாதைக்காகவும் பிற பொதுப் பணிகளுக்காகவும் நிலம் எடுக்க 1824-இல் வங்காளத்திலும், 1839-இல் பம்பாயிலும், 1852-இல் சென்னை மாகாணத்திலும் தனித்தனி ஏற்பாடுகள் எழுந்தன. 1857-இல் நாடு முழுமைக்கும் ஒரு சட்டம், 1870-இல் மற்றொன்று, அதை மாற்றி 1894-இல் வேறொன்று. அந்த 1894-ஆம் ஆண்டுச் சட்டம் வெள்ளையர் போன பின்னும் போகவில்லை. 2013 முடியும்வரை, நூற்றிருபது ஆண்டுக் காலம், நம் தலைமேல் அமர்ந்திருந்தது.

அதன் 34-ஆம் பிரிவைப் படித்தால், மேலுக்கு நேர்மையாகத்தான் தோன்றும். நிலத்தைக் கைக்கொள்வதற்கு முன் இழப்பீட்டைக் கொடுக்கவோ மன்றத்தில் கட்டவோ தவறினால், கைக்கொண்ட நாள் முதல் கொடுக்கும் நாள்வரை நூற்றுக்கு ஆண்டுக்கு ஆறு ரூபாய் வட்டி தரவேண்டும் என்றது. மாவட்ட ஆட்சியர் வைத்த விலை போதாதென்று 18-ஆம் பிரிவின்படி மன்றம் சென்று, மன்றம் விலையை உயர்த்தினால், உயர்ந்த பகுதிக்கு 28-ஆம் பிரிவின்படி அதே ஆறு ரூபாய். இதில் ஒரு நுட்பம் உண்டு. 34-ஆம் பிரிவில் “தரவேண்டும்”. 28-ஆம் பிரிவிலோ மன்றம் “கட்டளையிடலாம்”. ஓர் எழுத்து வேறுபாட்டில் எத்தனை உழவர்களுடைய வட்டி கரைந்ததோ!

அதே வெள்ளையர் தம் நாட்டில் என்ன செய்தனர்? இங்கிலாந்தில் 1845-இல் நில எடுப்புக்கான பொது விதிகளை வகுத்தபோது, விலை தீருமுன் நிலத்தில் கால் வைக்க விரும்பும் இரயில் கம்பெனி முதலில் பணத்தை வங்கியில் கட்டவேண்டும். வட்டியோடு தருவதாகப் பத்திரமும் எழுதிக் கொடுக்கவேண்டும் என்றனர். வட்டி நூற்றுக்கு ஐந்துதான்; நம்முடையதைவிட ஒன்று குறைவு. ஆனால் பணம் முதலில் வங்கிக்குப் போயிற்று. கால் அதன் பின்னரே வயலுக்குப் போயிற்று. இங்கே கால் முன்னே, பணம் பின்னே. அமெரிக்க உச்ச நீதிமன்றமும் 1923-இல், எடுத்த நாளுக்கும் கொடுத்த நாளுக்கும் இடைப்பட்ட காலத்தைக் கணக்கில் கொள்ளாத தொகை நியாயமான இழப்பீடு ஆகாது என்று ஓர் இரயில் கம்பெனி வழக்கில் கூறிவிட்டது.

அயல்நாட்டுக்குக்கூடப் போகவேண்டா. நம் சென்னை மாகாணத்திலேயே 1864-இல் இயற்றிய வருவாய் வசூல் சட்டம் இருக்கிறது. அங்கே காலந்தாழ்த்துபவன் உழவன். தீர்வை பாக்கிக்கு அதே நூற்றுக்கு ஆறு வட்டி. அதோடு நின்றார்களா? விளைச்சலை ஜப்தி செய்யலாம். நிலத்தை ஏலம் போடலாம். வேண்டுமென்றே கொடாதவன் என்று கருதினால் சிறையில் தள்ளவும் இடம் வைத்திருந்தனர். உழவன் தாழ்த்தினால் ஆறு ரூபாயும் ஏலமும் சிறையும். ஆட்சி தாழ்த்தினால் ஆறு ரூபாய் மட்டும். வட்டி வீதத்தில் சமத்துவம் கண்ட பெருமக்கள், மற்றவற்றில் ஏன் காணவில்லை?

விலையை எந்த நாளில் நிறுத்தி எடைபோடுவது என்பதிலும் ஒரு சூழ்ச்சி புகுந்தது. 1923-ஆம் ஆண்டுத் திருத்தம் உழவனுக்கு ஒரு கையால் கொடுத்தது: எடுப்பதற்கு முன் அவன் மறுப்பைக் கேட்கவேண்டும் என்னும் 5-ஏ பிரிவு அப்போதுதான் வந்தது. மறு கையால் எடுத்தது: விலையை முதல் அறிவிப்பு வெளியான நாளிலேயே உறைய வைத்தது. அறிவிப்பு ஒரு நாள்; விலை நிர்ணயத் தீர்வாணை அதற்குப் பல்லாண்டு கழித்து. இடையில் பக்கத்து வயல் மும்மடங்கு விலைக்குப் போகும்; அறிவிப்பு வந்த வயலோ விற்கவும் முடியாமல், அடகு வைக்கவும் முடியாமல் நிற்கும். வட்டியோ கைக்கொண்ட நாள் முதல்தான் ஓடும். அறிவிப்புக்கும் கைக்கொள்ளலுக்கும் இடைப்பட்ட காலம் கணக்கிலேயே இல்லை!

இந்தச் சட்டம் நடப்பிலிருந்த காலத்தில்தான் மேட்டூர் அணை எழுந்தது. 1925-இல் தொடங்கி 1934 ஆகஸ்டு 21-இல் திறந்தனர். அந்நாளைய ஆளுநர் ஸ்டான்லியின் பெயரைச் சூட்டினர். ஏறத்தாழ 59 சதுர மைல் பரப்பில் நீர் தேங்கிற்று. பென்னாகரம் வட்டத்து நாகமரை வரை அந்நீர் வந்து நிற்பதை இன்றும் காணலாம். கோடையில் நீர் வற்றும்போது பண்ணவாடிப் பக்கம் பழைய நந்தியும் கிறித்தவக் கோயிலின் கோபுரமும் தலை காட்டுகின்றன. நந்தி எழுந்ததென்று படம் எடுக்க ஓடுகிறது கூட்டம். நந்தியைச் சுற்றி ஒரு காலத்தில் வயல்கள் இருந்தன, வயல்களுக்கு உடையவர்கள் இருந்தார்கள் என்பதை எண்ணிப் பார்ப்பவர் எத்தனை பேர்? தேங்கிய நீர் தஞ்சைக்குப் போயிற்று. போகட்டும், தஞ்சையும் நம் தமிழ் மண்தான். ஆனால் மூழ்கிய மேட்டு நிலத்தவனுக்கும் முப்போகம் கண்ட மிராசுதாரனுக்கும் இடையே கணக்கு நேர் செய்ய ஆட்சி வைத்திருந்த கருவி அந்த நூற்றுக்கு ஆறுதான்.

விடுதலை வந்தது. மாறிற்றா? 1961-ஆம் ஆண்டு இரண்டு செய்திகளைக் கொண்டுவந்தது. ஒன்று ஒளி, ஒன்று இருள். உச்ச நீதிமன்றம் அவ்வாண்டு பஞ்சாபிலிருந்து வந்த சதீந்தர் சிங் வழக்கில் ஒரு கோட்பாட்டை நிலைநாட்டிற்று. நிலத்தைத் தன்னிடம் வைத்திருக்கும் உரிமை ஒருவனிடமிருந்து போகும்போது, அந்த இடத்தில் வட்டி பெறும் உரிமை வந்து அமர்கிறது. சட்டம் வெளிப்படையாக விலக்காதவரை, எழுதியிராவிட்டாலும் வட்டி உண்டு. இது கருணையன்று, ஈடு. இழந்த விளைச்சலின் மறுவடிவம்.

அதே 1961-இல் சென்னை மாநில ஆட்சி என்ன செய்தது? வீட்டு வசதித் திட்டத்துக்கு எடுக்கும் நிலத்துக்கு மட்டும் ஒரு திருத்தச் சட்டம் கொண்டுவந்தது. கட்டாயமாக எடுப்பதற்காகச் சந்தை விலைக்கு மேல் தரும் நூற்றுக்குப் பதினைந்து என்னும் ஆறுதல் தொகை, ஐந்தாகச் சுருங்கிற்று. விலையையும் அறிவிப்பு நாளின் விலையா, முந்தைய ஐந்தாண்டுச் சராசரியா என்று ஒப்பிட்டு, எது குறைவோ அதையே தருவதென்றனர். வஜ்ரவேலு வழக்கில் 1964-இல் உச்ச நீதிமன்றம் அச்சட்டத்தைச் செல்லாதென்றது. ஒரே நிலத்தை மருத்துவமனைக்கு எடுத்தால் ஒரு விலை, வீட்டுக்கு எடுத்தால் வேறு விலை என்பதற்கு நியாயம் என்ன என்று நீதிபதி சுப்பாராவ் எழுப்பிய கேள்விக்கு மாநிலத்திடம் விடையில்லை. இந்த வழக்கை நினைவில் வைத்திருங்கள். அறுபதாண்டுக்குள் அதே கேள்வி தருமபுரி நெடுஞ்சாலைக்குத் திரும்பி வரும்.

இடையே ஒன்றைச் சொல்லாமல் போவது நேர்மையாகாது. ஆதித்திராவிடர் நலத் திட்டங்களுக்கு விரைவாக நிலம் எடுக்கத் தமிழ்நாடு 1978-இல் தனிச்சட்டம் இயற்றிற்று. நோக்கம் நம் நோக்கம். ஆனால் அதில் இழப்பீட்டைத் தவணைகளில் தரலாம் என்றொரு விதி. 1990-களின் நடுவில் உச்ச நீதிமன்றம் அச்சட்டத்தைக் காத்தது. ஆறுதல் தொகை குறைவு என்னும் வாதத்தையும் ஏற்கவில்லை. தவணை விதியை மட்டும் வெட்டியெறிந்தது. சரியான வெட்டு! மனை கேட்பவனும் ஏழை, நிலம் கொடுப்பவனும் பெரும்பாலும் சிறு உழவன். பணத்தை உடனே கொடுத்தால் இருவருக்கும் பகையில்லை. கொடாமல் இழுத்தால், நிலக்காரன் தடையாணை வாங்குவான். மனைப்பட்டா வாங்கியவன் கல் நட முடியாமல் நிற்பான். ஒருவனை ஒருவன் சாதி சொல்லித் திட்டிக்கொள்வார்கள். தாழ்த்தியவர் அலுவலகத்தில் மின்விசிறியின் கீழ் இருப்பார்.

1984 செப்டம்பர் 24-இல்தான் கணக்கு உண்மையில் மாறிற்று. அந்நாள் முதல் ஆறு ஒன்பதாயிற்று. ஓராண்டுக்கு மேல் தாழ்த்தினால் பதினைந்து. ஆறுதல் தொகை முப்பது. அறிவிப்புக்கும் தீர்வாணைக்கும் இடைப்பட்ட காலத்துக்கு, அதுவரை கணக்கிலேயே இல்லாத காலத்துக்கு, ஆண்டுக்குப் பன்னிரண்டு விழுக்காடு தனியே. மன்றம் ஏறாத ஏழையும், ஒரே அறிவிப்பில் நிலம் போன அண்டை வயற்காரன் மன்றத்தில் பெற்ற விலையைக் கேட்கலாம் என்று 28-ஏ பிரிவு.

நாளும் நட்சத்திரமும் பார்ப்பவரை நகைப்பவர் நாம். ஆயினும் நில எடுப்பில் மெய்யாகவே நல்ல நாளும் கெட்ட நாளும் உண்டு, தோழர்களே! 1982 ஏப்ரல் 30-க்கு முன் தீர்வாணையும் மன்றத் தீர்ப்பும் முடிந்துபோனவனுக்கு ஆறுதல் தொகை பதினைந்து. அதற்குப் பின் வந்தவனுக்கு முப்பது. உச்ச நீதிமன்றமும் 1989-இல் அந்தக் கோட்டை உறுதி செய்தது. இராகு காலம் எவனையும் கெடுத்ததில்லை. ஏப்ரல் 29 கெடுத்தது.

எதன்மேல் வட்டி என்னும் கேள்வி அப்போதும் தீரவில்லை. விலைக்கு வட்டி உண்டு. ஆறுதல் தொகைக்கு உண்டா? இல்லை என்றது 1990-களில் உச்ச நீதிமன்றத்தின் ஓர் அமர்வு. ஆறுதல் வேறு, இழப்பீடு வேறு என்பது அந்த வாதம். 2001 செப்டம்பர் 19-இல் சுந்தர் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்ந்து, ஆறுதல் தொகையும் இழப்பீட்டின் உறுப்பே, அதற்கும் வட்டி உண்டு என்றனர்.

இந்த வெற்றியின் ஒலி தருமபுரிக்குக் கேட்கவில்லை. ஏன்? அதற்கு நான்காண்டுக்கு முன்பே, 1997-இல், தேசிய நெடுஞ்சாலைச் சட்டத்தில் புதிய பிரிவுகளை நுழைத்துவிட்டனர். அவற்றுள் 3-ஜே என்னும் ஒரு பிரிவு, ஒரே வரியில், 1894-ஆம் ஆண்டுச் சட்டம் நெடுஞ்சாலை நிலத்துக்குப் பொருந்தாது என்று கதவைச் சாத்திற்று. ஆறுதல் தொகை இல்லை. பன்னிரண்டு விழுக்காடு இல்லை. பதினைந்து விழுக்காடு இல்லை. 3-டி பிரிவின்படி அறிவிக்கை வெளியான அன்றே நிலம் மத்திய அரசுடையதாகிவிடும். விலை பின்னர் பேசப்படும். போதாதென்றால் மன்றமில்லை; மத்திய அரசே அமர்த்தும் நடுவரிடம் போகவேண்டும். பெரும்பாலும் மாவட்ட ஆட்சியரே அந்த நடுவர். அவர் விலையை உயர்த்தினால், உயர்ந்த பகுதிக்கு மட்டும் ஒன்பது விழுக்காடு வழங்க“லாம்”. பழைய 28-ஆம் பிரிவின் “லாம்” மறுபிறவி எடுத்தது! மறுபிறவியில் நமக்கு நம்பிக்கையில்லை, சட்டமியற்றுவோருக்கு இருக்கிறது.

இந்தக் காலத்தில்தான் வடக்கு–தெற்குப் பெருவழியின் பகுதியாக, அப்போது 7 என்றும் இப்போது 44 என்றும் எண் பெற்ற நெடுஞ்சாலை, கிருஷ்ணகிரியிலிருந்து தருமபுரி வழியாகத் தொப்பூர்க் கணவாய் வரை நான்கு வழியாக விரிந்தது. சாலை நல்ல சாலைதான். அதில் பாளையம் சுங்கச்சாவடியில் வண்டிக்கு வண்டி பணம் தண்டுகின்றனர். சுங்கம் ஒரு நாளும் காத்திருப்பதில்லை. நள்ளிரவில் போனாலும் தடைக்கட்டை தாழ்ந்து நிற்கும். சாலைக்குக் கீழே கிடக்கும் வயலுக்குத்தான் காத்திருப்பு.

கணக்கைப் போட்டே பார்ப்போம். ஒரே வரப்பின் இருபுறமும் இருவர். இருவர் நிலத்துக்கும் சந்தை விலை ஒரு இலட்சம். ஒருவன் நிலத்தை 1894-ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் மருத்துவமனைக்கு எடுத்தனர். மற்றவன் நிலத்தை நெடுஞ்சாலைக்கு எடுத்தனர். இருவருக்கும் கைக்கொண்ட நாளிலிருந்து பத்தாண்டு பணம் வரவில்லை என்று கொள்வோம். முதலாமவனுக்கு ஆறுதல் தொகை முப்பதாயிரம் சேர்ந்து 1,30,000. அதற்கு முதலாண்டு ஒன்பது, பின் ஒன்பதாண்டுக்குப் பதினைந்து. ஆக வட்டி மட்டும் 1,87,200. மொத்தம் 3,17,200 ரூபாய். இரண்டாமவனுக்கு? முழுத்தொகைக்கும் ஒன்பது விழுக்காடு கிடைத்ததென்று தாராளமாக வைத்துக்கொண்டாலும் 1,90,000. வரப்பு ஒன்று, மண் ஒன்று, மழை ஒன்று. வேறுபாடு 1,27,200 ரூபாய். பன்னிரண்டு விழுக்காட்டுக் கூடுதலை இக்கணக்கில் நான் சேர்க்கவேயில்லை. பழைய நூற்றுக்கு ஆறு நீடித்திருந்தால், ஒரு இலட்சத்துக்குப் பத்தாண்டு வட்டி அறுபதாயிரம் என்பதையும் பக்கத்தில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். இவையெல்லாம் தனிவட்டி. அதே பத்தாண்டில் அந்த உழவன் வெளியே நூற்றுக்கு மாதம் மூன்று ரூபாய்க்குக் கடன் வாங்கியிருந்தால், ஆண்டுக்கு முப்பத்தாறு கட்டிக்கொண்டிருப்பான்.

கர்நாடக உயர் நீதிமன்றமும் பஞ்சாப்–அரியானா உயர் நீதிமன்றமும் இந்த வேறுபாட்டைக் கண்டித்தன. பஞ்சாபிலிருந்து மேலே சென்ற தர்சேம் சிங் வழக்கில், 2019 செப்டம்பர் 19-இல் — சுந்தர் தீர்ப்புக்குச் சரியாகப் பதினெட்டாண்டு கழித்து அதே நாளில் — உச்ச நீதிமன்றம் 3-ஜே பிரிவு, ஆறுதல் தொகையையும் வட்டியையும் மறுக்கும் அளவுக்கு, அரசியலமைப்புக்கு முரண் என்றது. எதற்காக எடுக்கிறார்கள் என்பதை வைத்து எடுக்கப்பட்டவனின் ஈட்டைக் குறைக்கலாகாது என்றது. 1964-இல் சென்னை மாநிலத்துக்குச் சொன்ன பாடத்தை 2019-இல் தில்லிக்குச் சொல்லவேண்டியதாயிற்று.

நெடுஞ்சாலை ஆணையம் விட்டதா? தீர்ப்பு இனி வரும் வழக்குகளுக்கு மட்டும் என்று ஆக்கித் தருமாறு மன்றாடிற்று. செலவு மிகுதியாகும் என்பது அதன் வருத்தம். 2025 பிப்ரவரி 4-இல் உச்ச நீதிமன்றம் அதை மறுத்தது. 1997-க்கும் 2015-க்கும் இடையே நிலம் எடுக்கப்பட்டோருக்கு ஆறுதல் தொகையும் வட்டியும் உண்டு என்றது. அதே மூச்சில், முற்ற முடிந்துபோன வழக்குகளைத் திறக்கும்படி தான் சொல்லவில்லை என்றும் கூறிற்று. போராடிக்கொண்டிருந்தவனுக்கு வட்டி, போராட முடியாமல் கைநாட்டு வைத்துவிட்டுப் போனவனுக்கு? பணம் மிகுதி என்று ஆணையம் வாதிட்டதே, அந்த மிகுதி எவருடைய வயலில் விளைந்த மிகுதி?

கைநாட்டைப் பற்றிச் சற்று நின்று பேசவேண்டும். 1894-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 31-ஆம் பிரிவில், தொகையை மறுப்பின்றிப் பெற்றுக்கொண்டவன் பின்னர் மன்றம் கேட்க முடியாது என்றொரு விதி. “ஆட்சேபத்துடன் பெற்றுக்கொண்டேன்” என்று எழுதினால் வழி திறந்திருக்கும், எழுதாவிட்டால் மூடிவிடும். எழுதப் படிக்கத் தெரியாதவனிடம் எழுத்தில் மறுப்புக் கேட்டது சட்டம்! தன் நிலை தலையெழுத்து என்று அவன் ஊரில் போய்ச் சொல்லிக்கொண்டிருந்தான். தலையில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை. இரசீதில்தான் எழுதவேண்டியது எழுதப்படவில்லை.

வென்றவன் பாடும் எளிதன்று. மன்றம் தொகையை உயர்த்தித் தீர்ப்பளித்த பின்னும் கருவூலத்திலிருந்து காசோலை தானாகப் புறப்படுவதில்லை. தமிழ்நாட்டில் எத்தனையோ ஊர்களில், நிறைவேற்று மனுவின்மேல் நீதிமன்ற அமீனா வருவாய் அலுவலகத்துக்கு வந்து ஜீப்பையும் நாற்காலிகளையும் ஜப்தி செய்யும் காட்சி நடந்திருக்கிறது. மறுநாள் ஏடுகளில் படம் வரும், படித்தவர் சிரிப்பர். 1864-இல் உழவன் வீட்டுக் கதவுக்கு வந்த ஜப்தி, நூறாண்டு சென்று ஆட்சியர் அலுவலக வாயிலுக்கும் வந்துவிட்டது என்று நாமும் மகிழலாம்தான். ஆனால் அந்த ஜப்தி ஆணைக்குப் பின்னால் எத்தனை வாய்தா, எத்தனை பேருந்துப் பயணம், எத்தனை வழக்கறிஞர் கட்டணம் என்று கணக்கிட்டால் மகிழ்ச்சி நீடிக்காது.

2014 சனவரி முதல் நாளில் புதிய சட்டம் நடப்புக்கு வந்தது. ஆறுதல் தொகை நூற்றுக்கு நூறு. முழு இழப்பீட்டையும் கொடுத்த பின்னரே நிலத்தைக் கைக்கொள்ளவேண்டும் என்றது 38-ஆம் பிரிவு. இங்கிலாந்து 1845-இல் கண்டதை நாம் நூற்றறுபத்தெட்டாண்டு கழித்துக் கண்டோம். தவறினால் 80-ஆம் பிரிவில் அதே ஒன்பதும் பதினைந்தும். தமிழ்நாடு தன் மூன்று சட்டங்களை — ஆதித்திராவிடர் நலத்துக்கான 1978-ஆம் ஆண்டுச் சட்டம், தொழில் நோக்கங்களுக்கான 1997-ஆம் ஆண்டுச் சட்டம், 2001-ஆம் ஆண்டு நெடுஞ்சாலைச் சட்டம் ஆகியவற்றை — இப்புதுச் சட்டத்தின் வீச்சிலிருந்து ஒதுக்கி வைத்தது. சென்னை உயர் நீதிமன்றம் 2019-இல் அதை வீழ்த்த, மாநிலம் மறுபடியும் சட்டமியற்ற, 2021-இல் உச்ச நீதிமன்றம் மாநிலத்தின் பக்கம் நின்றது. மாநில உரிமை நமக்கு உயிர். அந்த உரிமையைக் கொண்டு மாநிலத்து உழவனுக்கு மிகுதியாகக் கொடுப்பதே அழகு.

பழைய நிலங்களின் நிலை 2020 மார்ச்சு 6-இல் முடிவாயிற்று. நிலத்தைக் கைக்கொண்டு, பணத்தை மட்டும் கொடாமல் இருந்தால் எடுப்பு நடவடிக்கையே விழுந்துவிடுமா என்று கேட்டபோது, ஐந்து நீதிபதிகள் விழாது என்றனர். பணம் கட்டத் தவறியதற்கு விளைவு வட்டிதான் என்றனர். ஆக, ஒரு காலத்தில் ஓரத்தில் கிடந்த அந்த வட்டிதான் இன்று உழவன் கையில் எஞ்சிய ஒரே கோல்.

எட்டு வழிச் சாலையின் கதையைத் தருமபுரி இளைஞர்களுக்குச் சொல்லவேண்டியதில்லை. அரூர், பாப்பிரெட்டிப்பட்டிப் பக்கத்து உழவர் அதை நேரில் கண்டவர்கள். 2018-இல் அறிவிக்கை, 2019 ஏப்ரல் 8-இல் உயர் நீதிமன்றம் அதை நீக்கிற்று, 2020 டிசம்பர் 8-இல் உச்ச நீதிமன்றம் அந்த நீக்கத்தை நீக்கிற்று. அந்த இடைக்காலத்தில் அந்நிலங்களை விற்கவும் அடகு வைக்கவும் தடுமாறியவர்களுக்கு எந்தப் பிரிவில் வட்டி உண்டு? கைக்கொள்ளல் நடவாததால், எதிலும் இல்லை.

மொரப்பூரிலிருந்து தருமபுரிக்கு 1906-இல் குறுகிய இருப்புப் பாதை போட்டனர். 1913-இல் ஓசூர் வரை நீட்டினர். போர்க்காலத்தில் 1941-இல் மூடிவிட்டனர். இப்போது மொரப்பூர்–தருமபுரி இடையே 36 கிலோமீட்டருக்குப் புதிய பாதை போட 2019-இல் அடிக்கல் நாட்டி, மறுபடியும் நிலம் கேட்டு வந்தனர். இரயில் வரட்டும், வரவேற்போம். ஆனால் அப்பகுதியில் படிப்பகம் நடத்தும் தோழர்கள் மாலை வேளையில் ஒரு நோட்டுப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு, நிலம் போகும் வீடுகளுக்குச் செல்லவேண்டும். அறிவிக்கை நாள், தீர்வாணை நாள், கைக்கொண்ட நாள், பணம் கையில் வந்த நாள் என்னும் நான்கு நாட்களை ஒவ்வொரு சர்வே எண்ணுக்கும் குறித்துக் கொடுங்கள். 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தில் விலை போதாதென்று விண்ணப்பிக்க, தீர்வாணை வெளியாகும்போது நேரில் இருந்தவனுக்கு ஆறு வாரம்தான் கெடு. இரசீதில் ஆட்சேபத்தை எழுதுவது 77-ஆம் பிரிவின்படி இன்றும் வேண்டியிருக்கிறது. எழுதத் தெரியாத பெரியவர்களோடு அந்நாளில் அலுவலகத்துக்குத் துணையாகச் சென்று, கைநாட்டுக்கு மேலே அந்தச் சொற்களை எழுதிக் கொடுக்க ஓர் இளைஞன் போதும்.